ஜிம்மி குவின்: முரடரா, பலசாலியா? (செல்டிக்கின் பழைய சென்டர் ஃபார்வர்டு)

பழையபந்து:

வணக்கம் நண்பர்களே. ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ நகரக் கால்பந்து கிளப்பான செல்டிக் என்றாலே நம் ஆட்கள் ஐரோப்பியக் கோப்பையை வென்ற 1967 லிஸ்பனில் தொடங்குவார்கள், இல்லையென்றால் பின்னால் வந்த கோல் மன்னன் லார்சனில் தொடங்குவார்கள். நான் இன்னும் அறுபது வருடம் பின்னால் போகிறேன். ஜிம்மி குவின். 1901 ஜனவரியிலிருந்து 1915 வரை செல்டிக்கில் ஆடியவர். சென்டர் ஃபார்வர்டு, அதாவது முன்வரிசையின் நடுவில் நின்று கோல் அடிப்பவர். 331 ஆட்டம், 217 கோல்.

போன வாரம் வேறு ஓர் இழையில் ஒருவர் இவரை "இரண்டு தடவை வெளியே அனுப்பப்பட்ட அந்தக் காலத்து முரடர்" என்று ஒரே வரியில் முடித்துவிட்டார். அது மனதில் தைத்துவிட்டது. அதனால்தான் இந்த இழை.

1878ல் கிராய் என்ற ஊரில் பிறந்தவர். கிளாஸ்கோவுக்கு வடகிழக்கே இருக்கும் நிலக்கரிச் சுரங்க ஊர். அயர்லாந்திலிருந்து பிழைப்பு தேடி வந்த கத்தோலிக்கக் குடும்பங்கள்தான் அங்கே பெரும்பாலும். குவினும் சுரங்கத்தில் இறங்கி வேலை செய்தவர். உள்ளூர் ஸ்மித்ஸ்டன் அணியில் ஆடிக்கொண்டிருந்தவரை செல்டிக் மேலாளர் வில்லி மேலி பார்த்தார். குவினுக்கோ பெரிய கிளப்புக்குப் போகவே தயக்கம். கூச்ச சுபாவம். மேலி விடாமல் பேசித்தான் கொண்டுவந்தார்.

வந்த புதிதில் இடது ஓரத்தில் ஆடவிட்டார்கள். நன்றாகத்தான் ஆடினார், ஆனால் அது அவர் இடம் இல்லை. அவருடைய இடம் எது என்பது 1904 ஏப்ரல் 16ல் ஊருக்கே தெரிந்தது. ஸ்காட்டிஷ் கோப்பை இறுதி ஆட்டம், எதிரே அதே ஊர்ப் பரம எதிரி ரேஞ்சர்ஸ். கிளாஸ்கோவின் புது ஹாம்ப்டன் மைதானம் திறந்து ஆறு மாதம்கூட ஆகவில்லை. அங்கே நடந்த முதல் கோப்பை இறுதி அதுதான். வழக்கமாக நடுவில் ஆடும் அலெக் பென்னட்டை ரேஞ்சர்ஸ் இழுக்கப் பார்க்கிறது என்று ஒரே பேச்சாக இருந்த நேரம். அவர் அன்று இறங்கவில்லை. மேலி குவினை நடுவில் போட்டார்.

ஆட்டம் சூடு பிடிக்கும் முன்பே ஃபின்லே ஸ்பீடி இரண்டு கோல் அடித்துவிட்டார். ரேஞ்சர்ஸ் 2, செல்டிக் 0. அப்புறம் முழுக்க குவின்தான். இடைவேளைக்குள் இரண்டு, இரண்டாம் பாதியில் ஒன்று. 3-2. ஸ்காட்டிஷ் கோப்பை இறுதியில் இன்னொரு செல்டிக்காரர் ஹாட்ரிக் அடிக்க 1972 வரை, டிக்ஸி டீன்ஸ் வரும்வரை, காத்திருக்க வேண்டியிருந்தது.

இப்படிப்பட்டவரை வெறும் முரடர் என்று ஓரம்கட்டலாமா? உங்கள் கருத்தைச் சொல்லுங்கள்.

எண்கள்ராஜா:

நல்ல இழை அண்ணா. 331, 217 என்று சொன்னீர்கள் அல்லவா, அதைப் பிரித்தால் லீக்கில் 273 ஆட்டத்தில் 187, கோப்பையில் 58 ஆட்டத்தில் 30. மொத்தத்தில் மூன்று ஆட்டத்துக்கு இரண்டு கோல் கணக்கு. அதற்குள் ஆரம்பத்தில் ஓரத்தில் ஆடிய வருடங்களும் அடக்கம்.

1905ல் தொடங்கி 1910 வரை செல்டிக் தொடர்ந்து ஆறு லீக் பட்டம். அதில் 1906-07 தனி. லீக், கோப்பை இரண்டையும் ஒரே பருவத்தில் வென்ற முதல் ஸ்காட்டிஷ் கிளப் அந்த அணிதான். அந்தப் பருவத்தில் லீக்கிலேயே அதிக கோல் குவினுடையது, 29.

பின்னால் செல்டிக்குக்கு வந்த ஜிம்மி மெக்ரோரி 445 ஆட்டத்தில் 468 அடித்தார் என்பதால் குவின் கணக்கு சின்னதாகத் தெரியும். ஒன்றை மறக்கக் கூடாது. மெக்ரோரியின் பெரிய வருடங்கள் எல்லாம் 1925ல் ஆஃப்சைடு விதி தளர்ந்து, மூன்று பேர் என்பது இரண்டு பேராக மாறிய பிறகு. குவின் காலத்தில் பந்து முன்னால் வரும்போது உங்களுக்கும் கோல் கோட்டுக்கும் நடுவே எதிரணியில் மூன்று பேர் இருக்க வேண்டும். கோல்கீப்பரைச் சேர்த்துத்தான் மூன்று. ஒரு ஃபுல்பேக், அதாவது பின்வரிசைத் தடுப்பாட்டக்காரர், நாலு அடி முன்னால் ஏறி நின்றால் போதும், ஃபார்வர்டு மாட்டிக்கொள்வார். அப்படிப்பட்ட விதியில் 217.

விசில்மணி:

நான் இருபது வருடம் மாவட்ட அளவில் நடுவராக இருந்தவன். அதனால் மறுபக்கத்தையும் சொல்லிவிடுகிறேன், தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

குவின் பெரிய ஆட்டக்காரர், சந்தேகமே இல்லை. ஆனால் 1905லும் வெளியேற்றம், 1907லும் வெளியேற்றம், இரண்டுமே ரேஞ்சர்ஸ் ஆட்டம். இரண்டாவதுக்கு இரண்டு மாதத் தடை. அந்தக் காலத்தில் நடுவர் ஒருவரை வெளியே அனுப்புவது லேசில் நடக்காது. மஞ்சள், சிவப்பு அட்டை எல்லாம் கிடையாது, வாயால் எச்சரிப்பார், அதோடு சரி. அப்படியிருந்தும் ஒரே ஆள் இரண்டு தடவை என்றால், அவர் பக்கம் ஒன்றுமே இல்லை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

பழையபந்து:

நீங்கள் சொன்னது நியாயமான கேள்வி ஐயா. 1905ல் நடந்ததை வரிசையாகச் சொல்கிறேன், நீங்களே பாருங்கள்.

மார்ச் 25, ஸ்காட்டிஷ் கோப்பை அரையிறுதி, செல்டிக் பார்க். ரேஞ்சர்ஸ் 2-0 முன்னிலை, ஆட்டம் முடியும் நேரம். பந்துக்காகப் போன இடத்தில் குவினும் ரேஞ்சர்ஸ் தடுப்பாட்டக்காரர் அலெக் கிரெய்கும் மோதிக்கொண்டார்கள். கிரெய்க் கீழே சரியும்போது குவின் காலைப் பிடித்துக்கொண்டார். குவின் காலை உதறினார். நடுவர் கண்ணுக்கு அது உதையாகப் பட்டது. வெளியே போகச் சொல்லிவிட்டார்.

செல்டிக் ரசிகர்கள் மைதானத்துக்குள் இறங்கிவிட்டார்கள். ஆட்டம் அத்தோடு நின்றது. செல்டிக் நிர்வாகமும் ஆட்டத்தை விட்டுக்கொடுத்துவிட்டது.

அப்புறம் விசாரணை. உதைபட்டதாகச் சொல்லப்பட்ட கிரெய்கே வந்து, குவின் என்னை உதைக்கவில்லை என்று சொன்னார். எதிரணிக்காரர், அதுவும் ரேஞ்சர்ஸ்காரர். அந்தச் சாட்சிக்குப் பிறகும் குவினுக்கு ஒரு மாதத் தடை. எனக்கு ஆறாத விஷயம் இதுதான். அடிபட்டவர் இல்லை என்கிறார், ஆனால் அடித்தவர் என்று ஒருவருக்குத் தண்டனை.

விசில்மணி:

கிரெய்க் சாட்சி சொன்னது எனக்குத் தெரியாது. நன்றி தம்பி.

என் அனுபவத்தில் ஒன்று சொல்கிறேன். மண் மைதானத்தில் ஓர் ஆட்டம். தடுப்பாட்டக்காரன் கீழே கிடக்கிறான், ஃபார்வர்டு கால் ஒரு தடவை வேகமாகப் பின்னால் போய் முன்னால் வருகிறது. நான் நின்றது ஃபார்வர்டின் முதுகுப் பக்கம். உதை என்றே நினைத்தேன். விசில் வாய்க்குப் போய்விட்டது. அந்த நொடியில் பையன் கொஞ்சம் விலகினான், கீழே கிடந்தவன் கை அவன் சாக்ஸை இறுக்கிப் பிடித்திருப்பது தெரிந்தது. இரண்டு அடி தள்ளி நின்றிருந்தால் நானும் அவனை வெளியே அனுப்பியிருப்பேன்.

ஆக, நடுவர் வேண்டுமென்று செய்திருக்க மாட்டார். முதுகுப் பக்கம் நின்றால் யாருக்கும் அப்படித்தான் தெரியும். ஆனால் விசாரணையில் உட்கார்ந்தவர்களுக்கு அந்தச் சாக்கு கிடையாது. அவர்களுக்கு யோசிக்க நேரம் இருந்தது.

குட்டிகோலி:

நான் கல்லூரி அணியில் கோல்கீப்பர். ஒரு சின்ன சந்தேகம். குவின் கோல்கீப்பர்களைத் தோளால் இடித்துத் தள்ளுவார் என்று படித்தேன். அது ஃபவுல் இல்லையா? பந்தைக் கையில் வைத்திருக்கும்போதுமா இடிப்பார்கள்?

பழையபந்து:

ஃபவுல் இல்லை தம்பி. பந்து கையில் இருக்கும் கோல்கீப்பரைத் தோளோடு தோள் இடிக்க அன்றைய விதியிலேயே இடம் உண்டு. கோல்கீப்பரைப் பந்தோடு சேர்த்து கோட்டுக்குள் தள்ளினால் அதுவும் கோல்தான்.

கேட்கக் கொடுமையாக இருக்கும், ஆனால் அதற்கு ஒரு காரணமும் இருந்தது. 1912 வரை கோல்கீப்பர் தன் பாதி மைதானத்தில் எங்கே வேண்டுமானாலும் பந்தைக் கையால் தொடலாம். பெனால்டி ஏரியாவோடு நிற்க வேண்டியதில்லை. அவ்வளவு சுதந்திரம் இருப்பவரைத் தடுக்க ஃபார்வர்டுக்கு இருந்த வழி இடிப்பதுதான். அதனால் அன்றைய சென்டர் ஃபார்வர்டுக்குத் தோள்தான் முதல் ஆயுதம். குவினுக்கு அகலமான தோள், தடித்த கழுத்து. பெரிய உயரம் கிடையாது. சின்ன வயதிலிருந்து சுரங்கத்தில் உழைத்த உடம்பு. அவரைக் காட்டெருமை என்று கூப்பிட்டவர்களும் உண்டு. பேசாமடந்தை ஜேமி என்று கூப்பிட்டவர்களும் உண்டு. இரண்டும் ஒரே ஆளுக்கு வைத்த பெயர் என்பதைக் கவனியுங்கள்.

நான் சொல்ல வருவது இதுதான். அவர் விதிக்குள் இடித்தார். மற்றவர்களும் இடித்தார்கள். ஆனால் குவின் இடித்தால் எதிரே இருப்பவர் விழுந்தார், மற்றவர்கள் இடித்தால் விழவில்லை. பார்க்கிறவர் கண்ணுக்கு விழுந்தவர்தான் தெரிவார். பலமே குற்றமாகிவிட்டது.

எண்கள்ராஜா:

1905 கதையில் ஒரு பின்குறிப்பு. அந்த அரையிறுதி வென்ற ரேஞ்சர்ஸ் கோப்பை இறுதியில் தேர்ட் லானார்க் என்ற இன்னொரு கிளாஸ்கோ கிளப்பிடம் மறு ஆட்டத்தில் 3-1 தோற்றது. லீக்கில் செல்டிக், ரேஞ்சர்ஸ் இரண்டும் 41 புள்ளி. இன்றைய மாதிரி கோல் கணக்குப் பார்த்திருந்தால் பட்டம் ரேஞ்சர்சுக்கு. அன்று அந்த விதி இல்லாததால் மே 6ல் ஹாம்ப்டனில் தனி ஆட்டம் வைத்தார்கள். மார்ச் மாதக் கலவரம் எல்லார் மனதிலும் இருந்ததால் நடுவரை இங்கிலாந்திலிருந்து வரவழைத்தார்கள். செல்டிக் 2-1. அந்த ஆறு பட்டத்தில் முதலாவது அதுதான்.

கிளாஸ்கோ மீனா:

இழையைத் தாமதமாகத்தான் பார்த்தேன். எட்டு வருடமாகக் கிளாஸ்கோவில் இருக்கிறேன். வேலைக்காக எடின்பரோ போகும் ரயில் கிராய் வழியாகத்தான் போகும். பாதிப் பேருக்கு அது கார் நிறுத்திவிட்டு ரயில் ஏறும் ஸ்டேஷன், அவ்வளவுதான். இறங்கி வெளியே போனால் சின்ன ஊர். பக்கத்தில் கிராய் குன்று, ரோமானியர் கட்டிய அன்டோனைன் சுவரின் தடம் அதன்மேல் ஓடுகிறது. சுரங்கம் எதுவும் இப்போது இல்லை.

போன வருடம் ஹாம்ப்டனில் இருக்கும் கால்பந்து அருங்காட்சியகத்துக்குப் பையனைக் கூட்டிப்போனேன். அந்தக் காலத்துத் தோல் பந்து ஒன்றின் முன்னால் ரொம்ப நேரம் நின்றோம். வாய் திறந்த பையைக் கயிறு போட்டுக் கட்டின மாதிரி, பந்தில் ஒரு பக்கம் லேஸ் கோத்து முடிச்சுப் போட்டிருக்கிறது. அந்த முடிச்சு நெற்றியில் படும்படி தலையால் முட்டினால் தோல் கிழிந்துவிடும். மழையில் நனைந்தால் தண்ணீரை உறிஞ்சிக் கனத்துப்போகும். இங்கே மழை எப்போது இல்லை? பக்கத்தில் ஒரு ஜோடி பூட்ஸ், கணுக்கால் மறைய உயரம், முன்பக்கம் கட்டை மாதிரி கெட்டியான தோல். என் பையன் "அம்மா, இது வேலைக்குப் போட்டுப் போற ஷூ மாதிரி இருக்கு" என்றான். சரியாகத்தான் சொன்னான்.

ஆட்டக்காரர் ஆன பிறகும் குவின் கிராயை விட்டுப் போகவில்லை. ஊரிலேயே இருந்துகொண்டு ஆட்டத்துக்கு ரயிலில் வந்து போனார்.

விசில்மணி:

மீனா அம்மா, அந்த லேஸ் முடிச்சு பற்றி நீங்கள் எழுதியது கண்ணில் நிற்கிறது.

பழையபந்து தம்பி, 1909 கலவரத்திலும் குவின் பெயர் அடிபடுகிறதே? அதையும் மறைக்காமல் எழுதிவிடுங்கள்.

பழையபந்து:

மறைக்க அதில் ஒன்றும் இல்லை ஐயா, ஆனால் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும்.

1907, 1908 இரண்டு வருடமும் கோப்பை செல்டிக்குக்கு. 1909லும் வென்றால் தொடர்ந்து மூன்று. இறுதியில் மறுபடி ரேஞ்சர்ஸ். 1904ல் இறங்காத அதே பென்னட் இப்போது ரேஞ்சர்ஸ் சட்டையில். ஏப்ரல் 10, முதல் ஆட்டம். ரேஞ்சர்ஸ் 2-1 முன்னிலையில் இருக்கிறது. ஒரு பந்து உயரமாகக் கோல் பக்கம் வருகிறது. கோல்கீப்பர் ஹாரி ரென்னி சுத்தமாகப் பிடித்துவிட்டார். எதிரே குவின் பாய்ந்து வருகிறார். ரென்னி இடியைத் தவிர்க்கத் திரும்பினார். திரும்பின வேகத்தில் பந்தோடு கோட்டைத் தாண்டிவிட்டார் என்று நடுவர் கோல் கொடுத்தார். 2-2. குவின் அவரைத் தொடக்கூட இல்லை. வருகிறார் என்பதே போதுமாக இருந்தது.

ஏப்ரல் 17, மறு ஆட்டம். 1-1. செல்டிக் கோல் குவினுடையது. இனி கூடுதல் நேரம் ஆடுவார்கள் என்று கூட்டம் நினைத்தது. சில ஆட்டக்காரர்களும் உள்ளே போகாமல் மைதானத்திலேயே நின்றார்கள். ஆனால் விதிப்படி கூடுதல் நேரம் மூன்றாவது ஆட்டத்தில்தான். எல்லாரும் உள்ளே போனதும், இன்னொரு டிக்கெட் காசுக்காக வேண்டுமென்றே டிரா செய்கிறார்கள் என்று கூட்டம் கொதித்துவிட்டது. கோல் போஸ்டைப் பிடுங்கினார்கள், டிக்கெட் கொடுக்கும் அறைகளுக்குத் தீ வைத்தார்கள், அணைக்க வந்தவர்களின் குழாயை அறுத்தார்கள். நூறு பேருக்கு மேல் காயம். இரண்டு கிளப் ரசிகர்களும் ஒருவரை ஒருவர் அடித்துக்கொள்ளவில்லை, சேர்ந்து போலீசோடு மோதினார்கள். கடைசியில் இரண்டு கிளப்பும் இனி ஆட வேண்டாம் என்றன. கோப்பையை அந்த வருடம் யாருக்கும் கொடுக்கவில்லை.

இதில் குவின் செய்தது கோல் அடித்தது மட்டும்தான்.

குட்டிகோலி:

ரென்னி இடத்தில் நின்று யோசித்துப் பார்த்தேன். பந்து கையில் இருக்கிறது, முன்னால் அவர் வருகிறார், விதியும் அவர் பக்கம். நானும் திரும்பியிருப்பேன்.

ஸ்காட்லாந்து நாட்டு அணிக்கு அவர் நிறைய ஆடினாரா?

எண்கள்ராஜா:

11 ஆட்டம், 7 கோல். குறைவு என்று நினைக்க வேண்டாம். அன்று ஸ்காட்லாந்து இங்கிலாந்து, வேல்ஸ், அயர்லாந்து மூன்றோடு மட்டும்தான் ஆடும், வருடத்துக்கு மூன்றே ஆட்டம். 1908 மார்ச்சில் டப்ளினில் அயர்லாந்தை 5-0 ஜெயித்தபோது நாலு கோல் குவினுடையது. 1910ல் ஹாம்ப்டனில் இங்கிலாந்தை 2-0 ஜெயித்தார்கள். ஒன்று மெக்மெனமி, ஒன்று குவின். இரண்டு பேரும் செல்டிக்.

இன்னொன்று விட்டுப்போயிற்று. 1902ல் ரேஞ்சர்ஸ் மைதானமான ஐப்ராக்சில் ஸ்காட்லாந்து, இங்கிலாந்து ஆட்டத்தில் மரத்தாலான படிக்கட்டுத் தளம் உடைந்து 25 பேர் இறந்தார்கள். நிவாரண நிதிக்காக ரேஞ்சர்ஸ் தன் கோப்பை ஒன்றையே பரிசாக வைத்து ஒரு போட்டி நடத்தியது. செல்டிக், ரேஞ்சர்ஸ், இங்கிலாந்திலிருந்து எவர்டன், சண்டர்லண்ட் என்று நாலு அணி. ஜூன் 17ல் இறுதி ஆட்டம் கூடுதல் நேரம் வரை போனது. செல்டிக் 3-2. மூன்றும் குவின். 1904க்கு இரண்டு வருடம் முன்பே, அதே ரேஞ்சர்சோடு, அதே 3-2.

பழையபந்து:

ராஜா, இதை நான் முதல் பதிவிலேயே எழுதியிருக்க வேண்டும். அந்தக் கோப்பை இன்னும் செல்டிக்கிடம்தான் இருக்கிறது.

கிளாஸ்கோ மீனா:

மெக்மெனமி என்றதும் ஒன்று ஞாபகம் வந்தது. பென்னட், மெக்மெனமி, குவின், சோமர்ஸ், ஹாமில்டன் என்று அந்த முன்வரிசையை இங்கே பழைய ரசிகர்கள் ஒரே மூச்சில் சொல்வார்கள். குவினுக்கு வலப்பக்கம் ஆடிய ஜிம்மி மெக்மெனமியை நெப்போலியன் என்று அழைப்பார்கள். பின்னாளில் அவர் செல்டிக் பயிற்சியாளர் ஆனார். 1936ல் கல்கத்தாவிலிருந்து முகமது சலீம் வந்து வெறுங்காலில் துணிக்கட்டோடு ஆடினாரே, அவர் காலுக்குக் கட்டுப் போடுகிற அந்தப் புகழ்பெற்ற படத்தில் இருப்பவர் இதே மெக்மெனமிதான். அப்போதும் மேலாளர் வில்லி மேலிதான்.

குட்டிகோலி:

அந்தப் படத்தைப் பத்து தடவையாவது பார்த்திருப்பேன். கட்டுப் போடுபவர் யார் என்று யோசித்ததே இல்லை அக்கா.

விசில்மணி:

1907 பற்றி என் கருத்து மாறவில்லை. அந்த மோதலில் குவின் பக்கம் தவறு இருந்திருக்கலாம் என்றுதான் நினைக்கிறேன். 1905க்கு மட்டும் என் முதல் பதிவைத் திரும்பப் பெறுகிறேன். கிரெய்க் சொன்னதே போதும்.

தம்பி, அவர் ஆட்டத்தை எப்போது விட்டார்?

பழையபந்து:

நன்றி ஐயா. 1907க்கு நானும் உங்களோடு மல்லுக்கட்டப் போவதில்லை.

முழங்கால்தான் அவரை நிறுத்தியது. அடிபட்டு அடிபட்டு ஓய்ந்துபோன முழங்கால். மாற்று ஆட்டக்காரர் என்ற ஏற்பாடே இல்லாத காலம், அடிபட்டாலும் நொண்டிக்கொண்டே ஆடி முடிக்க வேண்டும், இல்லையென்றால் அணி பத்துப் பேரோடு ஆட வேண்டும். 1911 கோப்பை இறுதி மறு ஆட்டத்தில் ஹாமில்டன் அணிக்கு எதிராக ஒரு கோல், 1912 புத்தாண்டு அன்று ரேஞ்சர்சோடு 3-0ல் மூன்றும் அவரே. அதற்குப் பிறகு ஆட்டங்கள் குறைந்துகொண்டே வந்தன. 1915 தொடக்கத்தோடு முடிந்தது.

கிராய்க்குத் திரும்பிப் போய் மறுபடி சுரங்க வேலையில் சேர்ந்தார். ஹாம்ப்டனில் அத்தனை ஆயிரம் பேர் பெயர் சொல்லிக் கத்திய மனிதர், அதே ஊரில், அதே குழிக்கு. 1945 நவம்பரில் அங்கேயேதான் இறந்தார்.

மீனா அக்கா, அடுத்த முறை ரயில் கிராயில் நிற்கும்போது முடிந்தால் இறங்கி ஊரை ஒரு சுற்றுச் சுற்றி நாலு படம் எடுத்துப் போடுங்கள்.

கிளாஸ்கோ மீனா:

வெள்ளிக்கிழமை போகிறேன். பையனையும் கூட்டிக்கொண்டு இறங்குகிறேன்.